இரண்டு மூட்டைகள்

மலையடிவாரப் போடியின் புழுக்கத்தில் வெறும் சட்டையோடு ஜீப் ஏறி, 17 கொண்டை ஊசி வளைவுகள் கடந்து போடிமெட்டில் இறங்கி நடுங்கியிருக்கிறீர்களா? அப்படியென்றால் மிஷ்கினை உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். தஸ்தயெவ்ஸ்கியின் ‘அசடன்’ (எம். ஏ. சுசீலா தமிழில் வைத்த அழகான பெயர்) நவம்பர் கடைசியின் ஈரப் பனிமூட்டத்தில், பீட்டர்ஸ்பர்க்கை நெருங்கும் மூன்றாம் வகுப்பு ரயில் பெட்டியில் தொடங்குகிறது. இத்தாலிக் குளிருக்குப் போதும், ரஷ்யக் குளிருக்குப் போதாது என்ற அளவில் ஒரு மேலங்கி. கையில் சாயம் வெளுத்த பட்டுத்துணியில் கட்டிய சின்ன மூட்டை. அந்த வெளிறிய இளைஞன்தான் நாவலின் நாயகன் மிஷ்கின்; அவன் உடைமை மொத்தமும் அதற்குள்தான்.

2003-இல் விளாதிமிர் போர்த்கோ ரஷ்யத் தொலைக்காட்சிக்காக இந்த நாவலைப் பத்துப் பகுதிகளாக எடுத்தார். காலத்தையும் மாற்றவில்லை, ஊரையும் மாற்றவில்லை. மிஷ்கினாக வரும் யெவ்கெனி மிரோனோவ் பேசுவதைவிட, பிறர் பேசக் கேட்பதைப் பாருங்கள். எதிரில் இருப்பவரின் துயரம் மெல்ல மெல்ல அந்த முகத்தில் வந்து தங்கும்.

இனி நாவலின் இரண்டாவது மூட்டை. நாயகி நஸ்தாஸ்யாவுக்காக, அவள்மேல் பித்தான ரகோழின் கொண்டுவரும் ஒரு லட்சம் ரூபிள். நம்மூர் மளிகைக் கடைக்காரர் நூலை இழுத்துக் குறுக்கும் நெடுக்கும் சுற்றிப் பொட்டலத்தை இறுக்குவாரே, அதே கட்டு! சர்க்கரைக் கூம்பைக் கட்டும் கயிற்றால் என்று நாவலாசிரியர் நின்று நிதானமாகச் சொல்கிறார். அதைக் கணப்பில் வீசிவிட்டு, வெறுங்கையால் எடுத்தால் உனக்கே என்கிறாள் நஸ்தாஸ்யா, பணத்துக்காக அவளை மணக்க நினைத்த கான்யாவிடம். அவன் அசையாமல் நின்று, பிறகு மயங்கி விழுகிறான். இடுக்கியால் இழுத்தெடுத்துப் பார்த்தால் வெளித்தாள்தான் கருகியிருக்கிறது. மூன்று மடிப்புச் செய்தித்தாளுக்குள் பணம் பத்திரமாக இருக்கிறது. முதலில் படித்தபோது வெறும் வர்ணனையாகத் தெரிந்த அந்தத் தாளும் கட்டும் இங்கே எவ்வளவு பெரிய வேலை செய்கின்றன!

1991-இல் மணி கௌல் தூர்தர்ஷனுக்காக இந்த நாவலை இந்தியில் நான்கு பகுதிகளாக எடுத்து, கதையைப் பம்பாய்க்குக் கொண்டுவந்தார். ரகோழின் பாத்திரத்தில் இளம் ஷாருக் கான். துணிச்சலான, அருமையான முயற்சி. ஆனால் பம்பாயில் குளிர் ஏது? அந்த மெல்லிய மேலங்கி இல்லாமல் மிஷ்கினின் ஏழ்மை எனக்குக் கண்ணில் நிறைவதில்லை.

இதைத் தமிழில் எடுக்க நினைப்பவர்களே, இங்கே போடிக்கு வாருங்கள். 1928-இல் மதுரையிலிருந்து ரயில் வந்து நின்ற ஊர் இது. மூன்றாம் வகுப்புப் பெட்டியிலிருந்து மிஷ்கின் இங்கே இறங்கட்டும். ஏலத்தோட்டத்து மேகத்துக்குள் ஏறட்டும். கையில் அந்தச் சின்ன மூட்டையை மட்டும் மறந்துவிடாதீர்கள்.