நடக்கவிட்டு எடுப்பவர்

ஜல்லிக்கட்டும் கபடியும் அலசுகிற இடத்தில் இந்த வாரம் சினிமா. காரணம் ஒரு காளைதான். ‘கொட்டுக்காளி’ படத்தில் போகிற வழியில் குறுக்கே வந்து நிற்கிறது. ஆட்டோவிலும் பைக்கிலும் வீறாப்பாகக் கிளம்பி வந்த ஆம்பளைகள் கிட்டப் போகத் தயங்கி நிற்க, ஒரு சின்னப் பிள்ளை வந்து சாதாரணமாகக் கூட்டிப் போகிறாள். வாடிவாசலில் திமிறுகிற மாடு வீட்டுப் பொம்பளைப் பிள்ளையிடம் அடங்கி நிற்பது அலங்காநல்லூர்ப் பக்கம் தினமும் பார்க்கிற சங்கதி. அதையே எடுத்து அந்த ஆம்பளைகளின் மானத்தை வாங்கிவிட்டார் பி.எஸ்.வினோத்ராஜ்.

மேலூர்ப் பக்கத்துக்காரர். சின்ன வயதிலேயே பூ மார்க்கெட்டில் வேலை, பிறகு திருப்பூர், அப்புறம் சென்னையில் டிவிடி கடை. உலக சினிமா அங்கேதான் பழக்கம். சற்குணத்திடம் உதவி இயக்குநர், ‘மணல் மகுடி’ நாடகக் குழுவில் பயிற்சி. இதுவரை எடுத்தது இரண்டே படம். இரண்டும் ஒரே நாள், ஒரே பயணம்.

முதல் படம் ‘கூழாங்கல்’. புகுந்த வீட்டிலிருந்து விரட்டப்பட்ட அவருடைய சகோதரி, கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்தே வந்த சம்பவம்தான் விதை. படத்தில் அந்தத் தண்டனையைப் புருஷன் பக்கம் திருப்பிவிட்டார். பஸ்ஸுக்கான பணத்தை மகன் கிழித்துப் போட, குடிகார அப்பன் அரிட்டாபட்டி வெயிலில் நடக்கிறான். கருத்தடையானின் நடிப்பு முழுக்கக் காலில் இருக்கிறது: தரையையே எதிரியாக நினைத்து மிதிக்கிற நடை. பின்னால் வருகிற பையன் செல்லப்பாண்டி முகத்தில் எதையும் காட்டுவதில்லை. அப்பனுக்கும் தனக்கும் நடுவே அவன் விடுகிற இடைவெளி கூடுவதும் குறைவதும்தான் அவன் வசனம். கண்ணாடிச் சில்லால் அப்பன் முதுகில் வெயிலைப் பாய்ச்சுகிறானே, அது ஒன்று போதும்.

கதைப்படம்தான். ஆனாலும் வற்றிய ஊற்றில் பெண்கள் தண்ணீர் மொள்ளுவதைக் கேமரா வெட்டாமல் பார்த்துக்கொண்டே இருக்கிறது. அது ஆவணப்படக்காரரின் பொறுமை. ஆர்.பி.அமுதன் போன்றவர்கள் 1998 முதல் ஆவணப்பட விழா நடத்துகிற ஊரில் அந்தப் பொறுமை புதிதல்ல. கதைக்குள் கொண்டுவந்ததுதான் புதிது. 2021 பிப்ரவரியில் ராட்டர்டாம் விழாவின் டைகர் விருது இந்தப் படத்துக்குக் கிடைத்தது. தமிழுக்கு அதுவே முதல்முறை. ஆஸ்கருக்கு இந்தியா அனுப்பிய படமும் இதுதான்.

2024-இல் ‘கொட்டுக்காளி’. சூரி, அன்னா பென் என்று தெரிந்த முகங்கள் வந்ததும் எனக்குக் கொஞ்சம் பயம். சூரியின் தொண்டையில் சுண்ணாம்பைத் தடவி, குரலைக் கம்மலாக்கி, அவருடைய பெரிய ஆயுதத்தையே பிடுங்கிவிட்டார் இயக்குநர். மீனாவாக வரும் அன்னா பென்னுக்கு வசனம் இல்லாத குறை. பின்னணி இசையும் கிடையாது. ஆனால் கூட வருகிற சொந்தக்காரர்களில் சிலர், பார்த்த மாத்திரத்தில் இன்னார் என்று தெரிந்துவிடும் வார்ப்புகள். ‘கூழாங்கல்’லில் ஓரமாக எலி பிடிக்கிற குடும்பம்கூட அப்படி இல்லை. எனக்கு முதல் ஆட்டமே ஒரு கை மேல்.

‘கூழாங்கல்’ தியேட்டருக்கு வரவே இல்லை. விருது வாங்கி இரண்டரை வருடம் கழித்து, 2023 அக்டோபரில் சோனி லிவ்வில் வந்தது. அரிட்டாபட்டி வெயிலை மேலூர்க்காரன் செல்போனில்தான் பார்த்தான்.