வேகம் தணிந்தபோது

ஒரு கலைஞன் பழகிய பாதையை விட்டு விலகும்போது அவன்மேல் முதற்கல்லை எறிவோர் பெரும்பாலும் அவனை மிகவும் நேசித்தவர்களே. அமெரிக்காவின் மெட்டாலிக்கா இசைக்குழு 1991 ஆகஸ்டு 12 அன்று தன் ஐந்தாவது இசைத்தொகுப்பை வெளியிட்டபோது இதுவே நிகழ்ந்தது. அத்தொகுப்புக்குத் தனிப்பெயர் இல்லை. குழுவின் பெயரே அதன் பெயர். அட்டை முழுவதும் கறுப்பு. உற்றுப் பார்த்தால் மட்டுமே குழுவின் பெயரும் சுருண்டு கிடக்கும் ஒரு பாம்பும் தென்படும். ஆகவே 'கறுப்புத் தொகுப்பு' என்றே இசையுலகம் அதனை அழைத்து வருகிறது. பாம்பு என்றதும் நம் நினைவு ஏதேன் தோட்டத்துக்குச் செல்வது இயல்பு. ஆனால் இது அமெரிக்க விடுதலைப் போர்க்காலத்துக் காட்ஸ்டன் கொடியில் இடம்பெற்ற பாம்பு. பிள்ளைகள் கேட்கும் இசையின் அட்டையைக் கண்டே கலங்கிவிடும் பெற்றோர்க்கு இச்சிறு செய்தி ஆறுதல் தரலாம்.

இக்குழு 1981இல் லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் ஜேம்ஸ் ஹெட்ஃபீல்டும், டென்மார்க்கில் பிறந்த லார்ஸ் உல்ரிக்கும் சேர்ந்து தொடங்கியது. கரகரக்கும் மின்கிட்டார், மூச்சு வாங்க இடம் தராத டிரம்ஸ், பாடுவதினும் முழங்குவதையே விரும்பும் குரல் ஆகியவை கூடிய 'த்ராஷ்' என்னும் இசைவகையை வளர்த்தெடுத்த முன்னோடிகளுள் இவர்களும் அடங்குவர். 1986இல் வந்த 'மாஸ்டர் ஆஃப் பப்பெட்ஸ்' அவ்வகையின் சிகரம் எனப் போற்றப்படுகிறது. அதே ஆண்டு செப்டம்பர் 27 அன்று ஸ்வீடனில் நேர்ந்த பேருந்து விபத்தில் பேஸ் கிட்டார் கலைஞர் கிளிஃப் பர்ட்டன் தம் 24ஆம் வயதில் உயிரிழந்தார். இழப்பின் நிழலில் 1988இல் அடுத்த தொகுப்பு வந்தது. ஒன்பது பாடல்கள், 65 நிமிடங்கள். சிக்கலான தாளமாற்றங்கள் நிறைந்த அத்தொகுப்பில், பர்ட்டனுக்குப் பதிலாக வந்த ஜேசன் நியூஸ்டெட்டின் பேஸ் கிட்டார் ஏறக்குறையக் கேட்கவே இல்லை. அத்தொகுப்பின் பத்து நிமிடத் தலைப்புப் பாடலை மேடையில் இசைக்கும்போது கூட்டம் சோர்ந்துபோனதைத் தாமே கண்டதாகக் குழுவினர் பின்னாளில் கூறியுள்ளனர். சிக்கல் தன் எல்லையைத் தொட்டுவிட்டது. இனி எங்கே செல்வது?

அவர்கள் எளிமையை நோக்கித் திரும்பினர். அதற்குத் துணையாகப் பாப் ராக் என்னும் தயாரிப்பாளரை அழைத்தனர். அதுவரை வெகுசன ராக் குழுக்களோடு பணியாற்றியவர் அவர். 1990 அக்டோபர் முதல் 1991 சூன் வரை பணி நீண்டது. தனித்தனியே பதிவுசெய்து ஒட்டும் பழைய வழக்கத்தை விட்டு, அனைவரும் ஒரே கூடத்தில் சேர்ந்து வாசிக்க வேண்டும் என்று அவர் வற்புறுத்தினார். வாக்குவாதங்கள் பல. ஒலிக்கலவை மூன்று முறை செய்யப்பட்டது. செலவு ஏறத்தாழப் பத்து இலட்சம் டாலர். பணி நடந்த அக்காலத்தில் குழுவினர் மூவரின் மணவாழ்வு முறிந்தது. கலையின் விலை எப்போதும் பணத்தால் மட்டும் செலுத்தப்படுவதில்லை.

விளைந்த இசை எத்தகையது? வேகம் குறைந்தது; கனம் கூடியது. 'சேட் பட் ட்ரூ' பாடலில் கிட்டார்த் தந்திகளைச் சுருதி தாழ்த்தி இசைத்துள்ளனர். ஒவ்வோர் அடியும் பாறை நகர்வதுபோல் விழுகிறது. புதைந்து கிடந்த பேஸ் கிட்டார் இப்போது பாடல்களின் அடித்தளமாக ஒலிக்கிறது. 'தி அன்ஃபர்கிவன்' பாடலில் வழக்கத்தைத் தலைகீழாக்கி, சரணத்தை வன்மையாகவும் பல்லவியை மென்மையாகவும் அமைத்தனர்.

தொகுப்பைத் திறக்கும் 'என்டர் சேண்ட்மேன்' சிறப்பாகக் கருதத்தக்கது. இதற்கு ஹெட்ஃபீல்ட் முதலில் எழுதிய வரிகள் தொட்டிலில் உறக்கத்திலேயே இறந்துபோகும் குழந்தையைப் பற்றியவை. இதனினும் நன்றாக எழுத இயலும் எனத் தயாரிப்பாளர் கூற, அவர் மாற்றி எழுதினார். இப்போதுள்ள பாடல் இரவில் ஒரு குழந்தையைக் கவ்வும் அச்சத்தைப் பேசுகிறது. நடுவில் இசை தணிய, உறங்கப் போகுமுன் ஆங்கிலச் சிறுவர் சொல்லும் பழைய செபம் ஒன்றை ஆண்குரல் சொல்ல, குழந்தைக் குரல் அதனைத் திருப்பிச் சொல்கிறது. துயிலில் இறக்க நேரின் தன் ஆன்மாவை ஆண்டவர் ஏற்க வேண்டும் என மன்றாடும் செபம் அது. எனவே கைவிடப்பட்ட கரு மறைந்துவிடவில்லை. செபத்துக்குள் ஒளிந்து வாழ்கிறது. செபத்தைக் கேலி செய்கிறார்கள் என்று சினந்தோர் உண்டு. எனக்கு அவ்வாறு தோன்றவில்லை. இரவுச் செபத்தின் அடியில் எத்துணைப் பெரிய அச்சம் உறைகிறது என்பதை நாமே மறந்துவிட்டோம். அப்பாடல் அதனை நினைவூட்டுகிறது.

'நத்திங் எல்ஸ் மேட்டர்ஸ்' பாடலோ பழைய அன்பர்களைப் பெரிதும் புண்படுத்தியது. ஹெட்ஃபீல்ட் ஒரு கையில் தொலைபேசியைப் பிடித்துத் தம் காதலியோடு பேசிக்கொண்டே, மறு கையால் கிட்டாரின் தந்திகளைச் சும்மா மீட்டியபோது பிறந்த மெட்டு அது. குழுவுக்கென அவர் அதனை எழுதவில்லை. உல்ரிக் கேட்டு விரும்பியதால் தொகுப்பில் சேர்ந்தது. மைக்கேல் கேமன் அதற்கு வயலின் முதலான இசைக்கருவிகளின் பின்னணியை அமைத்தார். வேகத்தின் வீரர்கள் காதற்பாட்டுப் பாடுவதா என்ற ஏளனம் எழுந்தது. ஆனால் 1984இலேயே 'ஃபேட் டு பிளாக்' என்னும் மெல்லிய தொடக்கமுடைய பாடலுக்காக இதே பழி இவர்கள்மேல் விழுந்திருந்தது என்பதை மறத்தலாகாது.

விலைபோய்விட்டார்கள் என்பதே குற்றச்சாட்டு. தொகுப்பு அமெரிக்காவில் வெளியானவுடனே முதலிடம் பெற்றது. காலப்போக்கில் அந்நாட்டில் மட்டும் ஒன்றரைக் கோடிப் பிரதிகளுக்கு மேல் விற்றது. விற்பனை மிகுந்ததாலேயே ஒரு படைப்பு பொய்யாகிவிடாது. எனினும் குற்றச்சாட்டை முற்றும் தள்ளிவிடவும் என்னால் இயலவில்லை. 1988இன் தொகுப்பு பணத்துக்கு விலைபோகும் நீதியைப் பாடியது. மாசுற்று அழியும் பூமியைப் பாடியது. போரில் கைகால்களோடு கண், செவி, பேச்சு அனைத்தையும் இழந்து தன்னுடலுக்குள்ளேயே சிறைப்பட்ட போர்வீரனைப் பாடியது. ஆமோஸ் இறைவாக்கினரின் சினம் அதில் சிறிது இருந்தது. கறுப்புத் தொகுப்பில் அந்தச் சமூகக் குரல் பெரிதும் அடங்கிவிட்டது. கொடிப்பாம்பைப் பாடும் பாடலில் நாட்டுப்பெருமை மட்டுமே மிஞ்சுகிறது. ஒலி தெளிவடைந்தபோது பார்வை உலகிலிருந்து 'நான்' என்பதற்குச் சுருங்கியது. இது மெய்யான இழப்பு.

ஆயினும் அந்த 'நான்' யார்? இவ்வினாவுக்கு விடை 'தி காட் தட் ஃபெய்ல்ட்' என்னும் பாடலில் கிடைக்கிறது. தோற்றுப்போன கடவுள் என்னும் இத்தலைப்பைக் கண்டு நம்மில் பலர் பக்கத்தைப் புரட்டிவிடக்கூடும். பொறுத்துக் கேட்க வேண்டுகிறேன். ஹெட்ஃபீல்டின் பெற்றோர் 'கிறிஸ்டியன் சயின்ஸ்' சபையினர். மேரி பேக்கர் எடி 1879இல் நிறுவிய அச்சபை, நோய்க்கு மருத்துவத்தை நாடாமல் செபத்தையே நாடும் வழக்கமுடையது. மகனுக்கு 13 வயதானபோது தந்தை இல்லத்தை விட்டு அகன்றார். தாய்க்குப் புற்றுநோய் கண்டது. நம்பிக்கையின் பெயரால் அவர் சிகிச்சையை ஏற்கவில்லை. 1980இல் அவர் இறந்தபோது மகனுக்கு வயது 16.

இத்துயரை அவர் 1988இலேயே தொட்டார். 'டயர்ஸ் ஈவ்' என்ற பாடலில் பெற்றோரை நோக்கிக் கூக்குரலிட்டார். ஆனால் அதன் அசுர வேகத்தில் சொற்கள் சிதறின. கேட்போர்க்குச் சினம் மட்டுமே எட்டியது. 1991இன் பாடலோ மெல்ல நடக்கிறது. ஒவ்வொரு சொல்லும் காதில் விழுகிறது. சினத்தின் அடியில் கிடந்த துயரம் வெளிப்படுகிறது. வேகம் அவருக்கு ஒரு மதிலாக இருந்தது. மதில் இறங்கியதும் உள்ளே நின்ற 16 வயதுச் சிறுவனைக் காண்கிறோம். புதிய ஒலி விற்பனைக்காக மட்டுமே வந்ததன்று என்பதற்கு இதனினும் சிறந்த சான்று எனக்குத் தெரியவில்லை.

கத்தோலிக்கராகிய நாம் இதற்கு என்ன மறுமொழி கூறுவோம்? திருச்சபை செபத்தையும் மருந்தையும் எதிரிகளாக நிறுத்துவதில்லை. சீராக்கின் ஞானநூல் 38ஆம் அதிகாரம் மருத்துவரைப் போற்றுவதோடு, மண்ணினின்று மருந்துகளை விளைவித்தவர் ஆண்டவரே என்றும் கற்பிக்கிறது. அவர் சாடும் கடவுள் நாம் வணங்கும் கடவுள் அல்லர் என்று சொல்லித் தப்பித்துக்கொள்வது எளிது. அது பாதி உண்மையே. மருத்துவமனைக்குச் சென்றும், நவநாள் செபித்தும், அன்னையை இழந்த பிள்ளைகள் நம் பங்குகளிலும் உண்டு. அவர்களது வினாவும் இதுவே. திருப்பாடல் 88 ஒளியின்றி இருளிலேயே முடிகிறது; இருந்தும் நம் செபநூலில் அதற்கு இடமுண்டு. யோபுவின் முறையீட்டை இறைவன் பழித்தாரில்லை. அவனுக்கு அறிவுரை கூறிய நண்பர்களையே கடிந்துகொண்டார்.

ஐந்தாண்டு கழித்து 1996இல் வந்த 'லோட்' தொகுப்பில் ஹெட்ஃபீல்ட் மீண்டும் தாயிடம் திரும்பினார். 'அன்டில் இட் ஸ்லீப்ஸ்' புற்றுநோயின் வேதனையைப் பேசியது. 'மாமா செட்' நாட்டுப்புறச் சாயலில் தாயோடு நேராகவே பேசியது. ஒலி இன்னும் மாறியிருந்தது. பழி இன்னும் பெருகியது. ஆனால் கூக்குரல் குற்றச்சாட்டாகி, குற்றச்சாட்டு உரையாடலாகக் கனிந்த வழி இம்மூன்று தொகுப்புகளிலும் தெளிவாகப் புலப்படுகிறது. அவ்வழியின் திருப்பம் கறுப்புத் தொகுப்பே.

உங்கள் வீட்டு இளைஞன் அறையை அடைத்துக்கொண்டு இதனைக் கேட்டால், கதவைத் தட்டி ஒலியைக் குறைக்கச் சொல்லுமுன் ஒரு முறை அருகில் அமர்ந்து கேளுங்கள். அவன் எந்தப் பாடலைத் திரும்பத் திரும்பக் கேட்கிறான் என்பதைக் கவனியுங்கள். அவன் வாய்திறந்து சொல்லாத ஒன்றை அப்பாடல் சொல்லிக்கொண்டிருக்கக்கூடும்.