சேற்றில் நிற்கும் பாட்டு

நாகாலாந்தின் பேக் ஊர் நெல் உழவர்கள் பாடும் ‘லி’ பாட்டை ஒலிப்பதிவு மட்டும் செய்தால் பாதிதான் கிடைக்கும். அனுஷ்கா மீனாட்சியும் ஈஸ்வர் ஸ்ரீகுமாரும் எடுத்த ‘கோ கி பா லூ’ (2017) ஆவணப்படம் மீதியையும் தருகிறது. மலைச்சரிவின் படிவயலில் உழவர்கள் வரிசையாக நின்று சேற்றைக் கிளறுகிறார்கள். ஒரு குரல் எடுத்துக்கொடுக்க, இன்னொன்று அதன்மேல் ஏறுகிறது. கை இறங்கும் கணமே தாளம். தனியாகத் தாளக்கருவி எதற்கு?

படம் பிடித்தால் உயிருள்ள பாட்டு ஒரே வடிவில் உறைந்துபோகும் என்பார்கள். பாட்டை மட்டும் கத்தரித்து மேடையேற்றும் படங்களுக்கு அது பொருந்தும். இதிலோ பாட்டு வேலையை விட்டு நகர்வதே இல்லை. மூச்சிரைப்பும் இசையாகவே கேட்கிறது. உறைந்தது பாட்டல்ல, அதைப் பாடிய அந்தப் பொழுது. படம் மொத்தம் 83 நிமிடம். நல்ல ஒலிபெருக்கி வைத்துப் பாருங்கள்.