'சின்னஞ்சிறு கிளியே': ஏட்டிலும் இசைத்தட்டிலும்

மகாகவி பாரதியின் பாடல்களுள் மும்பைத் தமிழர் இல்லங்களில் மிகுதியாக ஒலிப்பது எது என்று கேட்டால், 'சின்னஞ்சிறு கிளியே' என்று நாம் தயங்காமல் கூறலாம். தாராவியின் ஒற்றை அறையிலும் செம்பூரின் அடுக்குமாடியிலும் தொட்டிலை ஆட்டும் கை இதனையே நாடுகிறது. ஆனால் நாம் முணுமுணுக்கும் மெட்டு பாரதி இட்ட மெட்டன்று.

1917இல் பரலி சு. நெல்லையப்பர் பதிப்பித்த 'கண்ணன் பாட்டு' நூலைச் சேர்ந்தது இப்பாடல். பராசக்தியைக் குழந்தையாகக் கண்டு பாடியது என்பது தலைப்புக் குறிப்பு. பைரவி இராகம், ரூபக தாளம் என்று வகுத்து, மாதிரிக்குச் சுரவரிசையும் எழுதிவைத்தார் கவிஞர். பாடுவோர் தத்தம் மனோபாவத்திற்கேற்ப அதை மாற்றிக்கொள்ளலாம் என்று இசைவும் தந்தார். இந்த இசைவை அறியாதார்தாம், திரைப்படம் பாரதியின் பண்ணைக் கெடுத்துவிட்டது என்று குறைகூறுகின்றனர்.

பாரதி பாடல்களின் இசைத்தட்டு உரிமை ஒருகாலத்தில் ஏ.வி.எம். நிறுவனத்திடம் இருந்தது. அவர்களுடைய 'நாம் இருவர்' (1947) படத்தில் டி.கே. பட்டம்மாள் பாடிய பாரதி பாடல்கள் நாடெங்கும் பரவின. 1949இல் உரிமை அரசிடம் சென்றது. ஈராண்டு கழித்து, கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் இயக்கிய 'மணமகள்' படத்தில் சி.ஆர். சுப்பராமன் இப்பாடலை இராகமாலிகையாக அமைத்தார். எம்.எல். வசந்தகுமாரியும் வி.என். சுந்தரமும் இணைந்து பாடினர். காபியில் தொடங்கிக் கண்ணிதோறும் இராகம் மாறும்போது, குழந்தையின் ஓட்டமும் சிணுங்கலும் கண்ணீரும் தனித்தனி நிறம் பெறுகின்றன. ஒரே பைரவியில் இவ்வளவு வேறுபாடு காட்டுதல் அரிது என்பது நம் கருத்து. ஆண்குரலும் பெண்குரலும் கலந்ததால், இது தாய்க்கு மட்டுமன்றித் தந்தைக்கும் உரிய பாட்டாயிற்று. இது சுப்பராமன் செய்த பேருதவி. அவரோ மறு ஆண்டே, 1952இல், இளவயதிலேயே மறைந்தார்.

எம்.எல்.வி. இதனைக் கச்சேரி மேடைக்கும் கொண்டுசென்றார். திரைப்பாட்டுக்குச் சபாக்கள் கதவு திறப்பது அந்நாளில் எளிதன்று, இதற்குத் திறந்தது. சுப்பராமன் குழுவில் பணியாற்றிய எம்.எஸ். விசுவநாதன் 1987இல் 'நீதிக்குத் தண்டனை' படத்திற்காகப் புதிய மெட்டமைத்து, யேசுதாஸுடன் சுவர்ணலதாவைப் பாடவைத்தார். அச்சிறுமிக்கு அது முதல் திரைப்பாடல். குரல் தேன்தான், எனினும் வீட்டில் பாட நம் நா திரும்புவது பழைய மெட்டிற்கே.

மெட்டைப் பற்றி நமக்கு வழக்கில்லை. வழக்கு கண்ணிகளைப் பற்றியது. ஏட்டில் உள்ளவை பத்து. 78 சுழற்சித் தட்டின் ஒரு பக்கம் ஏறக்குறைய மூன்றரை நிமிடம். அதற்குள் பத்தும் அடங்கா. சுருக்கியதற்கு அன்று காரணம் இருந்தது. நெடுந்தட்டும் ஒலிநாடாவும் குறுந்தகடும் வந்து அத்தடை நீங்கிய பின்னரும், பாடகர் பலர் ஐந்தாறு கண்ணிகளோடு மங்களம் பாடிவிடுகின்றனர். பின்பகுதிக் கண்ணிகளைச் செவியாரக் கேட்பது அரிதாகிவிட்டது. அவற்றுள் ஒன்றில், அன்பு தருவதில் இக்குழந்தைக்கு நிகரான தெய்வம் உண்டோ என்று வினவுகிறார் கவிஞர். பராசக்தியே குழந்தை என்று தொடங்கியவர், குழந்தையைத் தெய்வத்தினும் மேலே ஏற்றிவிடும் இடம் இது. பாட்டின் உயிர்நிலையே இதுதான்.

தமிழகத்துப் பிள்ளை விடுபட்டதை ஏட்டைப் புரட்டி அறிந்துகொள்ளும். மராத்தியும் இந்தியும் ஆங்கிலமும் பயிலும் நம் பிள்ளைகளில் பலர்க்குத் தமிழ் செவிவழிச் செல்வம். பாடப்படாத கண்ணி அவர்களுக்கு எழுதப்படாத கண்ணியே. மாதுங்காவிலும் செம்பூரிலும் பாட்டுச் சொல்லித்தரும் ஆசிரியைமார் சுப்பராமன் மெட்டிலேயே எஞ்சிய கண்ணிகளையும் கற்பிக்கலாம். அடுத்த ஆண்டுவிழா மேடையில் பத்தையும் பாடும் குழந்தைக்கு, மணியைப் பார்க்காமல் நேரம் தருமாறு விழாக் குழுவினரை வேண்டுகிறோம்.