கொழுந்துக்கூடையைத் தாண்டாத கமரா

மலையகத்துக்கு ஆவணப்படம் புதிதல்ல. இலங்கைத் தேயிலைப் பிரசார சபையின் பணத்தில் 1934இல் பாசில் ரைட் எடுத்த ‘சோங் ஒஃப் சிலோன்’ உலகப் புகழ் பெற்றது. அதில் கொழுந்து பறிக்கும் பெண்கள் உண்டு, தேயிலை விலை சொல்லும் வணிகக் குரல்களும் உண்டு. ஒலியை லண்டனில் சேர்த்தார்கள். அந்தப் பெண்களின் பேச்சுக்கு அங்கே இடமிருக்கவில்லை.

ரைட் 1936இல் ஹரி வொட்டுடன் சேர்ந்து பிரித்தானியத் தபால் துறைக்காக எடுத்த ‘நைட் மெயில்’, அன்றாட அரச சேவையைக் காவியமாக்கிய படம். கடிதம் பிரிக்கும் ரயில்பெட்டி ஸ்டூடியோவில் போட்ட செட். நிஜத் தபால் ஊழியர்களே வண்டி ஓடுவதுபோல உடம்பை ஆட்டி நடித்தார்கள். கடிதத்துக்காகக் காத்திருந்தவரின் வாசலுக்குப் படம் போகவில்லை. இலங்கை அரசாங்கத் திரைப்படப் பிரிவு 1948இல் தொடங்கியதும் இதே வழியில்தான். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 1954இல் அங்கே எடுத்த மலேரியா ஒழிப்புப் படமும் அரசின் சாதனையைச் சொல்லவே பிறந்தது.

இந்தப் பார்வையைப் புரட்டிப் போட்டவர் அமெரிக்கரான பிரெடெரிக் வைஸ்மன். வர்ணனை இல்லை, பேட்டி இல்லை, பின்னணி இசை இல்லை. நியூயோர்க் நிவாரண அலுவலகத்தைக் காட்டும் ‘வெல்ஃபெயர்’ (1975) படத்தில் உதவி கேட்டு வந்தவரின் அலைச்சலும் உத்தியோகத்தரின் சலிப்பும் ஒரே மேசையில் மோதுகின்றன. யார் பக்கம் நியாயம் என்பதைப் பார்ப்பவரே தீர்மானிக்க வேண்டும். தமிழில் இதற்கு நெருங்கி வந்தது ஆர்.பி. அமுதனின் ‘பீ’ (2003). மதுரைத் தெருவொன்றில் மலம் அள்ளும் மாநகராட்சிப் பெண் தொழிலாளியின் பின்னாலேயே கமரா போகிறது. அவர் கூட்டிக்கொண்டே பேசுகிறார். திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ (2017) அதே கொடுமையைத் தமிழகமெங்கும் தேடிப்போனது.

மலையகத்தில் இப்படியொரு படம் எடுக்க, நோர்வூட்டில் ஒரு கடிதத்தின் பின்னால் போனால் போதும். தோட்டத் தொழிலாளர் வாழும் பல லயங்களில் வீட்டுக்கென்று தனி முகவரி கிடையாது. தோட்டத்தின் பெயரும் டிவிசன் பெயரும்தான் விலாசம். தபால் கந்தோரிலிருந்து தோட்ட ஆபீசுக்குப் போய், அங்கிருந்து லயத்துக்கு வரும். நேர்முகப் பரீட்சைக் கடிதம் நாள் கடந்து கிடைத்தது என்பது மலையகம் கேட்டுச் சலித்த குறை. அரசின் சேவை கடைசி ஒரு மைலில் கம்பனியின் கைக்குப் போய்விடுகிறது. 1992இல் தோட்ட நிர்வாகம் கம்பனிகளிடம் போனது. லயங்களுக்குப் பிரதேச சபைகள் நேரடியாகச் சேவை செய்வதற்கு 1987ஆம் ஆண்டுப் பிரதேச சபைச் சட்டத்தின் 33ஆம் பிரிவு 2018இல் திருத்தப்படும்வரை முட்டுக்கட்டையாக இருந்தது.

மலையகத்தை எடுக்க வருபவர்கள் பெரும்பாலும் கொழுந்துக்கூடையோடு நின்றுவிடுகிறார்கள். லயத்துக்கு ஏறிவரும் குடும்பநல உத்தியோகத்தரோ, தபால்கட்டைப் பிரிப்பவரோ அவர்களுக்கு அழகான காட்சியாகத் தெரிவதில்லை. அந்த வேலையைப் படம்பிடிக்க நினைப்பவர் முதலில் தோட்டத் துரையிடம் அனுமதி கேட்க வேண்டும். அரச சேவையைக் காட்டக் கம்பனியின் தயவு வேண்டியிருக்கிறதென்றால், படம் தொடங்க வேண்டியதும் அந்த ஆபீஸ் வாசலில்தான்.