நீர்ஜாலக்காரியின் காதல்

ஜப்பானில் 1933ஆம் ஆண்டு மிஸோகுச்சி கென்ஜி இயக்கிய ‘தாகி நோ ஷிராயிதோ’ என்னும் மௌனச் சித்திரத்தில், நீர்ஜால வித்தை காட்டும் நங்கையொருத்தி, வண்டியோட்டியாக இருந்த ஏழை வாலிபன் ஒருவனைத் தன் பொருள் கொண்டு சட்டம் படிக்கவைக்க, அவனே பின்னாளில் அரசாங்க வழக்கறிஞனாகி, கொலைக்குற்றம் சாட்டப்பட்டு நிற்கும் அவளை விசாரிக்க நேர்கிறது. காதலும் கடமையும் மோதும் அந்த நியாயஸ்தலக் காட்சியில், அந்நங்கையாக நடித்த இரியே தகாகோ தம் விழிகளாலேயே நிகழ்த்தும் சம்பாஷணையைக் காணும்போது, மனம் பேச்சொலியை நாடுவதேயில்லை. அக்காலத்து ஜப்பானியக் கொட்டகைகளில், திரையருகே இருந்து கதையை உணர்ச்சி ததும்ப எடுத்துரைத்த பென்ஷிகளுக்கு இருந்த செல்வாக்கு, பேசும்படம் தோன்றிய பின்னும் அத்தேசத்தில் மௌனப்படம் நெடுநாள் நிலைத்ததற்கு ஒரு காரணம். இஸுமி க்யோகாவின் கதையை ஆதாரமாகக் கொண்ட இச்சித்திரத்தை, மிஸோகுச்சியின் பிற்காலப் படைப்புகளை மாத்திரமே போற்றும் ரசிகர்கள் அவசியம் பார்க்க வேண்டும்.