இல்லாத ஏடுகளும் இருக்கிற கொப்பிகளும்

இலங்கையின் மலையகத் தமிழருக்கு ஒரு தொல்லேடு வேண்டும் என்ற பேச்சு இப்போது மேடைகளில் நன்றாக எடுபடுகிறது. தோட்டங்களுக்கு வந்து இருநூறு வருசமானதைக் குறித்து 2023இல் ‘மலையகம் 200’ நினைவுகூரல்கள் நடந்தபோதே, ‘வெறும் இருநூறு வருசம்தானா?’ என்ற மனக்குறை சிலருக்கு இருந்தது. அதிலிருந்து கிளம்பியதுதான் இது. இராவணன் எங்கள் ஆள், குமரிக்கண்டம் எங்கள் தாய்நிலம், சப்ரகமுவக் குகைகளில் எங்கள் சுவடி கிடக்கிறது, கோப்பிக்காலத்தில் நாங்கள் வரவில்லை, திரும்பி வந்தோம் என்று அது நீளும். கைதட்டலும் விழும். எனக்கு இந்தப் பேச்சு பொய்யாகப்படுவதோடு ஆபத்தாகவும் படுகிறது.

இல்லாத ஏட்டைக் கற்பனை செய்வது தமிழுக்குப் புதிதல்ல. இறையனார் களவியல் உரைகாரர் தலைச்சங்கத்துக்கு 4449 புலவர்களையும் 4440 ஆண்டுகளையும் கொடுத்து, முதுநாரை, முதுகுருகு, களரியாவிரை என்று நூற்பட்டியலும் போட்டார். ஒரு வரிகூடக் கையில் இல்லாத நூலகத்துக்குப் பட்டியல் எழுதிய அந்தத் துணிச்சலை நம் முதல் மாயப்புனைவு என்றே கொண்டாடலாம். அடியார்க்குநல்லார் கடல்கொண்ட 49 நாடுகளைப் பெயர் சொல்லி அடுக்கினார். பின்னர் 1864இல் ஸ்கிளேட்டர் என்ற விலங்கியலாளர், தேவாங்கின் உறவுகளான லெமூர்கள் எப்படிப் பரவின என்று விளக்க ஒரு கண்டத்தை ஊகித்தார். 1880இல் காலித் துறையில் வந்திறங்கிய பிளவாட்ஸ்கி அம்மையார், 1888இல் எவரும் காணாத ‘தியான் ஏட்டை’ ஆதாரம் காட்டி அந்தக் கண்டத்தில் ஆதி மனிதர்களைக் குடியேற்றினார். உரைகாரரின் கடல்கோளும் விலங்கியலாளரின் ஊகமும் ஒன்றுகலந்து குமரிக்கண்டமானது. மயன் பெயரில் வந்த ‘ஐந்திறம்’ வரைக்கும் இந்த வரிசை ஓய்ந்தபாடில்லை.

சிங்களத்தில் கதை வேறல்ல. 1941இல் முனிதாச குமாரதுங்க தொடங்கிய ஹெல ஹவுல இயக்கம் விஜயனுக்கு முந்திய ஹெலரைத் தேடியது. அதன் வழிவந்த அரிசென் அஹுபுது இராவணனைச் சக்கரவர்த்தியாக்கினார். இன்று யக்கர் மொழியில் எழுதப்பட்டதாம் என்று ‘வரிகபூர்ணிகாவ’வைக் காட்டுகிறார்கள். 2019இல் விண்ணுக்குப் போன நாட்டின் முதல் செய்மதிக்கும் ‘ராவணா-1’ என்றே பெயர். சப்ரகமுவக் குகைகளில் உண்மையில் கிடைத்தது வேறு. குருவிட்டை பட்டதொம்ப குகையில் முப்பதாயிரம் ஆண்டுக்கும் மேற்பட்ட மனித எச்சங்கள் கிடைத்திருக்கின்றன. அந்த ஆதி மனிதனைப் பலாங்கொடை மனிதன் என்று உலகமே அறியும். அவன் கல்லாயுதம் விட்டுப்போனான், எழுத்து விட்டுப்போகவில்லை. அந்த வெற்றிடத்தில் ஆளாளுக்கு ஒரு ஏட்டைச் செருகுகிறார்கள்.

நாமும் ஒன்றைச் செருகினால் என்ன? 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டத்தை நினைவில் வைத்திருப்பவர் இப்படிக் கேட்கமாட்டார். இலங்கையில் பிறந்தால் போதாது. தகப்பனும் இங்கே பிறந்திருக்கவேண்டும், இல்லாவிட்டால் பாட்டனும் பூட்டனும் பிறந்திருக்கவேண்டும் என்றது அந்தச் சட்டம். பிறப்புப் பதிவே ஒழுங்காக இல்லாத லயத்து மனிதனிடம் வம்சப் பத்திரம் கேட்டது. அதன் நீட்சியாகத்தான் 1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவுக்கு என்று எழுதிவைத்தது. இராவணன் காலத்து ஏட்டைக் காட்டி உரிமை கேட்பவர் அந்தச் சட்டத்தின் அளவுகோலையே கையில் எடுக்கிறார். பூட்டனுக்குப் பதில் பத்துத்தலையனைச் சாட்சிக்கு அழைக்கிறார், அவ்வளவே. ஏழு பேர்ச் காணிக்கு உறுதி கேட்டு நிற்கும் சனத்துக்கு இந்த வழக்கில் தோல்விதான் மிஞ்சும். எதிர்த்தரப்பிடமும் ஓர் ஏடு இருக்கிறது, அதைவிடப் பழையதாக.

நம் சனத்தின் சொந்தக் கதை பதியப்படாத வெற்றிடம் உருவானதில் நம் இலக்கியத்துக்கும் பங்குண்டு. 1869இல் தோட்டக் கண்டக்டர் ஆபிரகாம் ஜோசப் எழுதிய ‘கோப்பிக் கிருஷிக் கும்மி’யை ஆய்வாளர் தவிர யார் படிக்கிறார்கள்? அறுபதுகளில் எழுந்த யதார்த்தவாத அலை மகத்தானது. என்.எஸ்.எம். ராமையாவின் ‘ஒரு கூடைக் கொழுந்து’, 1971இல் தொகுப்பான ‘கதைக்கனிகள்’, தெளிவத்தை ஜோசப்பின் ‘காலங்கள் சாவதில்லை’ ஆகியவை இல்லாமல் மலையகத் தமிழ் என்று ஒன்றில்லை. ஆனால் அந்த அலைக்குக் காது மந்தம். பெரட்டுக்களமும் துரையின் அதட்டலும் அதற்குக் கேட்டன. மாசி இரவுக் காமன் கூத்தில் தப்புச் சத்தத்துக்கு நடுவே, எரிந்த காமனுக்காக ரதி அழுதது கேட்கவில்லை. காமன் கூத்து என்றால் மூடநம்பிக்கை, கங்காணியின் கெடுபிடி, சாதி என்று விமர்சகர்கள் ஒதுக்கினார்கள். குற்றச்சாட்டில் உண்மை உண்டு. தப்படிப்பவரின் சாதி எந்தத் தோட்டத்திலும் இரகசியமாக இருந்ததில்லை. ஆனாலும் ஒரு சனம் இரவிரவாக விழித்திருந்து பார்த்த கதையை இலக்கியம் விசாரிக்காமலே தள்ளியது. சி.வி. வேலுப்பிள்ளையின் ‘மாமன் மகனே’, சாரல்நாடனின் ‘மலையக வாய்மொழி இலக்கியம்’, மாத்தளை வடிவேலனின் கலை பற்றிய எழுத்து ஆகியவை விதிவிலக்குகள். அவையும் பாட்டைத் திரட்டின. பாட்டு எழுதிவைக்கப்பட்ட கொப்பியைப் பற்றி அதிகம் கேட்கவில்லை.

எனக்கு அந்தக் கொப்பிகள்தான் சப்ரகமுவத்தின் ஏடுகள். மாசி அமாவாசைக்குப் பின் மூன்றாம் பிறையில் கம்பம் ஊன்றுவது முதல் பௌர்ணமியில் காமன் எரிவது வரை வேண்டிய பாட்டும் வசனமும் கூத்து மாஸ்டர்மார் கையில் பள்ளிக்கூடக் கொப்பிகளில் இருக்கும். தமிழகத்துப் பெரிய எழுத்துப் புத்தகமும் கேள்விப் பாட்டும் அதில் கலந்து கிடக்கும். எட்டியாந்தோட்டையில், தெஹியோவிட்டையில், இறக்குவானையில் பகலில் இறப்பர் பால் வெட்டியவரும் தேயிலைக்குக் கவ்வாத்து வெட்டியவரும் இரவில் வீரபத்திரனாகவும் எமனாகவும் ஆடினார்கள். நுவரெலியாவைப்போல் இங்கே தோட்டங்கள் அடர்ந்து கிடப்பதில்லை. சிங்களக் கிராமங்களுக்கிடையே சிதறிய தீவுகள் இவை. அதனால் 1977இலும் 1981இலும் 1983இலும் இனக்கலவரங்களின் அடி இங்கே பலமாக விழுந்தது. வவுனியாவுக்கும் இந்தியாவுக்கும் ஓடியவர்கள் கொப்பியையா தூக்கிக்கொண்டு ஓடியிருப்பார்கள்?

மீந்தவற்றைத் தேடலாம். நூலகம் நிறுவனம் ஈழத்து ஆவணங்களை எண்ணிமப்படுத்துகிறது. கொப்பிகளுக்கும் அங்கே இடம் கிடைக்கும். தேடுகிறவர்கள் ‘மூலப்பாடம்’ காணும் ஆசையை மட்டும் விட்டுவிடவேண்டும். எழுத்துப்பிழை, இடையில் நுழைந்த சினிமா மெட்டு, சிங்களச் சொல், ஓரத்தில் குறித்த சீட்டுக்கணக்கு எதையும் திருத்தாமல், எந்தத் தோட்டம், எந்த டிவிசன், யார் யாரிடம் பார்த்து எழுதியது என்பதோடு பதியவேண்டும். மாய உலகம் படைக்க விரும்பும் இளம் எழுத்தாளர்கள் அதற்குப் பிறகு தாராளமாகப் படைக்கட்டும். எரிந்த காமனை இறக்குவானைத் தேயிலை மலையில் எழுப்பட்டும். அட்டையில் ‘நாவல்’ என்று அச்சிட்டால் போதும், எனக்கு ஆட்சேபம் இல்லை.